தொண்டை கட்டியிருந்த அப்பா

எங்கள் அப்பா ஒரு படத்தில் நடித்திருக்கிறார். ஒன்றல்ல, இரண்டு வேடம். ஆனால் படம் முழுக்கத் தேடினாலும் அவருடைய முகம் அகப்படாது. முதுகு வரும், பிடரி வரும், ஓரிடத்தில் இடது காது மட்டும் நல்ல வெளிச்சத்தில் வரும். அந்தக் காதைப் பார்ப்பதற்காக நாங்கள் குடும்பத்தோடு வட்டகொடையில் ரயிலேறி ஹட்டனுக்குப் போனோம். பூண்டுலோயாவிலிருந்து அத்தையும் தன் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வந்து சேர்ந்துகொண்டாள்.

படம் சிங்களப் படம். கொழும்பில் பல காலமாக மேடையேறி, பார்த்தவர்களே திரும்பத் திரும்பப் போய்ப் பார்த்துச் சிரித்த ஒரு பழைய நாடகத்தைப் படமாக எடுத்தார்கள். கதை இதுதான்: குழந்தையிலேயே பிரிந்துபோன இரட்டைப் பிள்ளைகளில் ஒருவன் தன் அண்ணன் இருப்பது தெரியாமல் அதே ஊருக்கு வந்து இறங்குகிறான். ஊரே அவனை அண்ணன் என்று நினைக்கிறது. கடைக்காரன் வணக்கம் சொல்கிறான், அண்ணன் மனைவி கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்ச் சோறு போடுகிறாள், இவன் ஒன்றும் விளங்காமல் விழிக்கிறான். நாடகத்தில் ஒரே நடிகர் இந்தப் பக்கம் போய் அந்தப் பக்கமாக வந்து இரண்டு பேராகவும் நடித்துவிடுவாராம். படத்தில் அப்படி முடியாது, அண்ணனும் தம்பியும் ஒரே இடத்தில் நிற்பதைக் காட்ட வேண்டும் என்று இயக்குநர் நினைத்தார். நடிகரின் முகம் ஒரு பக்கம் தெரிய, எதிரில் அவரைப் போலவே ஒருவர் முதுகைக் காட்டிக்கொண்டு நிற்க வேண்டும். அந்த முதுகுதான் எங்கள் அப்பா.

அப்பாவுக்கு அப்போது பாண் ஆட்டோ ஓட்டுவதுதான் தொழில். விடியும் முன்பே தலவாக்கலை பேக்கரியில் சூடாக வெந்து வந்த பாணும் பனிசும் ஏற்றிக்கொண்டு, ஒலிபெருக்கியில் பாட்டு மெட்டு ஒன்றை ஓடவிட்டபடி தேயிலைத் தோட்டம் தோட்டமாகப் போவார். அந்த மெட்டுக் கேட்டால் எங்கள் மலைப்பக்கத்துப் பிள்ளைகள் தூக்கத்திலிருந்தே எழுந்து ஓடி வருவார்கள். அதற்கு முன்பு அவரும் தோட்டத்தில்தான் கவ்வாத்து வெட்டிக்கொண்டிருந்தார். தோட்டத்துப் பதிவிலிருந்து பேரை வெட்டிக்கொண்டு வெளியே வந்தபோது சொந்தக்காரர்கள் எல்லோரும் வேண்டாமென்றார்கள். பக்கத்தில் நின்றவள் அம்மா ஒருத்திதான். அவள் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்தாள், இன்றைக்கும் எடுக்கிறாள்.

நான் ஐந்தாம் வகுப்பில் இருந்தபோது அத்தையின் மூத்த மகள் பெரிய மனுசி ஆனாள். சடங்குக்குத் தாய்மாமன் என்ற முறையில் அப்பா சீர்த் தட்டுகளோடு போனார். தட்டுகளுக்கு நடுவில் ஒரு மூன்று அடுக்குக் கேக். பேக்கரியில் சொல்லி, தானும் கூட நின்று செய்வித்தது. பூண்டுலோயா வரைக்கும் அது கோணாமல் வந்து சேர்ந்ததில் அவருக்கு அப்படியொரு பெருமை. புதுச்சட்டை போட்டுக்கொண்டு மாப்பிள்ளை மாதிரி நின்றார்.

அம்மாவுக்கு வாய் சாமர்த்தியம் அதிகம். மலையில் அவளுடைய வரிசையில் கொழுந்தெடுப்பவர்களுக்கு ரேடியோ தேவையில்லை என்பார்கள். சடங்கு வீட்டில் பெண்கள் கூடி உட்கார்ந்திருந்தபோது, அத்தையின் புருசன் வழிச் சொந்தத்தில் வயதான ஒரு அம்மாள், "மாமன்காரரு என்னா வேல பாக்குறாரு?" என்று கேட்டாள். அம்மா யோசிக்கவே இல்லை.

"வெடியக் காலையில பாட்டப் போட்டுக்கிட்டு மலை மலையாச் சுத்துவாரு. பின்னாடியே நாயிங்க ஓடும். அதான் வேல."

வீடே சிரித்தது. பந்தியில் இருந்தவர்கள் கூட என்னவென்று கேட்டுத் திரும்பச் சொல்லச் சொல்லிச் சிரித்தார்கள். அப்பாவும் சிரித்தார். நானும் சிரித்தேன், ஏனென்றால் நாய்கள் உண்மையாகவே ஓடும்.

அடுத்த நாள் பாண் எடுக்கப் போன அப்பா அன்றைக்கு வீட்டுக்கு வரவில்லை. பேக்கரியில் வேலை கூடிவிட்டது, அங்கேயே படுத்துக்கொள்கிறார் என்று அம்மா என்னிடம் சொன்னாள். நான் நம்பினேன். அந்த வாரமும் வரவில்லை. காலையில் அவருடைய மெட்டு மேல் மலைப்பக்கம் கேட்கும், ஆற்றுக்கு அந்தப் பக்கம் கேட்கும். எங்கள் லயத்து வரிசை வீடுகள் பக்கம் மட்டும் வராது. பக்கத்துக் காம்பிராவில் இருந்த பெரியம்மா ஒருநாள் அம்மாவிடம், "போயி ஒரு வார்த்த சொல்லிக் கூட்டிக்கிட்டு வந்தா கிரீடம் எறங்கிருமா?" என்று கேட்டாள். அம்மா குடத்தை எடுத்துக்கொண்டு பீலிக்குத் தண்ணீர் பிடிக்கப் போனாள். குடத்தில் ஏற்கெனவே தண்ணீர் இருந்தது. அதை நான் எடுத்துச் சொன்னபோது முதுகில் ஒன்று விழுந்தது.

அந்த நேரத்தில்தான் படக்காரர்கள் வந்தார்கள். மலைமேல் பூட்டிக் கிடந்த பழைய தொரை பங்களாவைத் திறந்து, வெள்ளையடித்து, அதை அண்ணன்காரனின் வீடாக்கினார்கள். தம்பிக்காரன் வந்து இறங்குவது வட்டகொடை ஸ்டேஷனில். அப்பா ஸ்டேஷன் பக்கம் பாண் விற்கப் போனபோது, வாசலில் நின்ற காவல்காரர் அவரைப் பார்த்து சலாம் போட்டு, கையோடு உள்ளே அழைத்துப் போய் நாற்காலியில் உட்கார வைத்திருக்கிறார். ஒருவர் வந்து முகத்தில் பவுடர் பூச ஆரம்பித்திருக்கிறார். அப்பா, இது ஏதோ சுகாதாரப் பரிசோதனை என்று நினைத்துப் பேசாமல் இருந்தாராம். பாதி முகம் வெள்ளையான பிறகு உண்மையான நடிகர் வந்து எதிரில் நின்று, ஒரு நிமிடம் பார்த்துவிட்டு, தான் எப்போது வந்து உட்கார்ந்தோம் என்று பவுடர் பூசியவரிடமே கேட்டிருக்கிறார். அன்றைக்கே அப்பாவுக்கு வேலை கிடைத்துவிட்டது. காலையில் பாண், பிறகு படம்.

இதெல்லாம் எனக்குப் பள்ளிக்கூடத்தில்தான் தெரியவந்தது. வீட்டுக்கு ஓடிவந்து அம்மாவிடம் மூச்சு வாங்கச் சொன்னேன். அவள் ரொட்டி தட்டிக்கொண்டே, "ஓஹோ" என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, "என்னா உடுப்புக் குடுத்துருக்காங்களாம்?" என்று கேட்டாள்.

மறுநாள் பள்ளிக்கூடம் விட்டதும் நேராகப் பங்களாவுக்குப் போனேன். பைன் மரத்தடியில் அப்பா கம்பளித் தொப்பியும் மப்ளருமாக ஒரு ஸ்டூலில் உட்கார்ந்து ஏதோ தாளைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் சிங்களம் படிக்கமாட்டாரே என்று நான் யோசித்திருக்க வேண்டும். யோசிக்கவில்லை. ஓடிப்போய்க் கழுத்தைக் கட்டிக்கொண்டு, "அப்பா, வீட்டுக்கு வாங்கப்பா, அம்மா பேசவே மாட்டேங்குது" என்றேன். அவர் திரும்பினார். மீசை அப்பாவுடையது, மூக்கு அப்பாவுடையது, கண் மட்டும் வேறு யாருடையதோ. பின்னாலிருந்து என் பெயரைச் சொல்லி அப்பா கூப்பிட்டார். அங்கேயும் அதே தொப்பி, அதே மப்ளர், கையில் தேத்தண்ணிக் கோப்பை. நான் போட்ட சத்தத்தில் மரத்தில் இருந்த காக்கைகள் எழும்பின என்று இப்போதும் அப்பா சொல்வார். அங்கிருந்தவர்கள் சிரித்து முடிக்க நேரமாயிற்று. நடிகர் என் தலையைத் தடவி, இன்றிலிருந்து தனக்கு ஒரு மகள் என்று சிங்களத்தில் சொன்னார். எனக்கு அவ்வளவு சிங்களம் தெரியும். கடைவீதியில் கற்றுக்கொண்டது.

அவருக்குத் தமிழ் ஒரு சொல்லும் தெரியாது. ஆனாலும் எங்களுக்குள் சீக்கிரம் பழகிவிட்டது. தினமும் பின்னேரம் அங்கே போய்விடுவேன். அம்மா தடுக்கவில்லை. திரும்பி வந்ததும் அப்பா சாப்பிட்டாரா, இருமுகிறாரா என்று மட்டும் கேட்பாள். அதுவும் முகத்தைப் பாராமல்.

ஒருநாள் மத்தியானமே மூட்டம் இறங்கிவிட்டது. எதிரில் நிற்பவரின் முகம் தெரியாத மூட்டம். படம் எடுக்க முடியாமல் எல்லோரும் சும்மா உட்கார்ந்திருந்தார்கள். நடிகர், காலையில் விற்று மிச்சமான பாணோடு நின்ற அப்பாவின் ஆட்டோவையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு எழுந்து அப்பாவிடம், தான் இதை ஓட்டிக்கொண்டு போய்ப் பாண் விற்றுவிட்டு வரட்டுமா, யாராவது கண்டுபிடிக்கிறார்களா பார்க்கலாம் என்று கேட்டார். ஊரை ஏமாற்றுகிற கதையில் நடிக்கிறோம், உண்மையில் ஊர் ஏமாறுமா என்று தெரிந்துகொள்ள வேண்டாமா என்றார். எல்லோரும் கைதட்டினார்கள். அப்பா சாவியைக் கொடுத்தார்.

"எங்க வேணும்னாலும் போகட்டும். நம்ம லயத்துல மட்டும் நிக்க வேணாம்னு சொல்லு" என்றார், வழிகாட்டக் கூடப் போகிற என்னிடம். "ஒங்கம்மா பாத்தவொடனே புடிச்சிருவா."

நான் அதை அப்படியே சிங்களத்தில் சொன்னேன். நடிகரின் கண் மின்னியது. அப்படியென்றால் அங்கேதான் முதலில் போக வேண்டும் என்றார்.

நான் முன்னால் அவர் பக்கத்தில் ஒட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். வழி சொல்வது, விலை சொல்வது, பேச்சுக் கொடுப்பது எல்லாம் என் பொறுப்பு. யாராவது ஏதாவது கேட்டால் சொல்வதற்கு ஒரு பதிலும் நானே கண்டுபிடித்து வைத்திருந்தேன்: அப்பாவுக்குத் தொண்டை கட்டியிருக்கிறது. மெட்டை ஓடவிட்டதும் மூட்டத்துக்குள்ளிருந்து பிள்ளைகள் வந்தார்கள், நாய்கள் வந்தன. தேயிலை ஸ்டோர் அடியில், மலை வேலையை மேற்பார்க்கிற கண்டாக்கையா நிறுத்தி ஒரு இறாத்தல் பாண் வாங்கினார். தொண்டை கட்டியிருப்பதைச் சொன்னேன். கொத்தமல்லி அவித்துக் குடிக்கச் சொல்லி நெடுநேரம் விளக்கினார். நடிகர் ஒவ்வொரு வாக்கியத்துக்கும் சரியான இடத்தில் தலையாட்டினார். ஆள் தாண்டியதும் அது என்ன என்று கேட்டார். கொத்தமல்லி என்றேன். தான் யாரோ செத்துவிட்டார்கள் என்று நினைத்துத் தலையாட்டியதாகச் சொன்னார்.

லயத்துத் திருப்பத்தில் பெரியம்மா வழிமறித்தாள். மீன் வைத்த மாலுபாணைக் கையில் வாங்கிக்கொண்டு, "பொண்டாட்டி ஒரு வார்த்த சொன்னா பேக்கரியில போயி படுத்துக்குறதா? மாவு மூட்டையா ஒனக்குக் கஞ்சி வச்சுத் தரும்?" என்று ஏசத் தொடங்கினாள். அவர் தலையைக் குனிந்துகொண்டு கேட்டார். ஏச்சு ஏறஏற அவர் தலை இறங்கியது. கடைசியில் அவளுக்கு மனசு கேட்காமல், "சரி போ, தொண்டைய கவனி" என்றாள். அவர் இன்னொரு மாலுபாணை எடுத்து அவள் கையில் சும்மா வைத்தார். அப்பா வாழ்நாளில் செய்யாத காரியம். அப்போதும் அவளுக்குச் சந்தேகம் வரவில்லை.

எங்கள் வாசலில் ஆட்டோ நின்றபோது எனக்குச் சிரிப்பு வயிற்றில் முட்டிக்கொண்டிருந்தது. அம்மா வேலை முடிந்து வந்து, கால் கழுவிவிட்டு வாசலில் நின்றிருந்தாள். மெட்டு நின்றது. அம்மா பார்த்தாள். அவர் இறங்கினார். நான் முந்திக்கொண்டு, "அம்மா, அப்பாவுக்குத் தொண்டை கட்டிருச்சு, பேச முடியாது" என்றேன்.

 அம்மா கதவை விட்டு விலகி நின்று, "உள்ள வாங்க. தேத்தண்ணி வைக்கிறேன்" என்றாள். என்னைப் பார்த்து, "நீ இங்கேயே நில்லு. நாய் பனிச இழுத்துரும்" என்றாள்.

அவர் குனிந்து உள்ளே போனார். நான் ஆட்டோவைக் காவல் காத்துக்கொண்டு நின்றேன். திறந்திருந்த கதவு வழியாக அடுப்படி தெரிந்தது. அம்மா அடுப்பைப் பார்த்துத் திரும்பி நின்று, தண்ணீர் கொதிக்கும் வரைக்கும் பேசிக்கொண்டிருந்தாள். அவர் பலகையில் உட்கார்ந்து கையைக் கட்டிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தார். என்ன பேசினாள் என்று எனக்குக் கேட்கவில்லை. என்னைச் சுற்றி லயத்துப் பிள்ளைகள் பனிஸ் கேட்டு ஒரே சத்தம். அம்மா முந்தானையால் மூக்கைத் துடைத்ததைப் பார்த்தேன். புகை என்று நினைத்தேன். இப்போது தெரிந்துவிடும், அப்போது தெரிந்துவிடும், கரண்டியைத் தூக்கிக்கொண்டு விரட்டப் போகிறாள் என்று காத்திருந்தேன். ஒன்றும் நடக்கவில்லை. அவர் தேத்தண்ணியைக் குடித்தார். கோப்பையை இரண்டு கையாலும் கொடுத்தார். வெளியே வந்தார்.

ஏறி உட்கார்ந்ததும் நான் விழுந்து விழுந்து சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. மெட்டையும் ஓடவிடவில்லை. வண்டியை எடுத்துக்கொண்டு மெதுவாகப் போனார். உதடு அசைந்துகொண்டே இருந்தது. நான் ஏதோ கேட்க வாயெடுத்தபோது ஒரு கையை உயர்த்தித் தடுத்தார். பீலியிலிருந்து நிறைகுடத்தைத் தூக்கிக்கொண்டு மேடேறுபவர்கள் அப்படித்தான் யாரையும் பேசவிட மாட்டார்கள். வழியில் ஓரிருவர் பாணுக்குக் கைகாட்டினார்கள். அவர் நிறுத்தவில்லை.

பங்களாவில் வண்டி நின்றதும் எல்லோரும் ஓடிவந்து என்னவாயிற்று என்று கேட்டார்கள். அவர் யாருக்கும் பதில் சொல்லாமல் நேரே அப்பாவிடம் போனார். தோளைப் பிடித்து எதிரில் நிறுத்தினார். பிறகு, அப்பாவுக்கு முதுகைக் காட்டித் திரும்பி நின்றுகொண்டு, தமிழில் பேச ஆரம்பித்தார்.

"நான் சிரிக்க வைக்கத்தாங்க சொன்னேன். எல்லாரும் சிரிச்சாங்க. நீங்களும் சிரிச்சீங்க. ஒங்க சிரிப்பப் பாத்தவொடனேயே எனக்குத் தெரிஞ்சிருச்சு. என் வாய்தான் ஓடுதே ஒழிய, பேக்கரிக்கு வந்து கூப்புட கால் ஓட மாட்டேங்குது. அடுத்த மலையில ஒங்க பாட்டுக் கேக்குறப்பல்லாம் கொழுந்துல கை நின்னு போகுது. கங்காணி ஏசுறாரு. வீட்டுக்கு வந்துருங்க."

கொழுந்து என்பது அவர் வாயில் 'கொலுந்து' என்று வந்தது. மற்றபடி அது அம்மாவின் பேச்சு. அவள் எங்கே மூச்சு விடுவாளோ அங்கே மூச்சு விட்டார். அவள் எங்கே நிறுத்தி அகப்பையைத் திருப்புவாளோ அங்கே நிறுத்தினார். கடைசியில் மப்ளர் நுனியால் மூக்கைத் துடைத்துக்கொண்டார். ஒரு சொல்லுக்கும் அவருக்குப் பொருள் தெரியாது. பாடத்தைக் கேட்டுக் கேட்டு மனதில் நிறுத்துவது அவருடைய தொழில், அதைச் செய்திருந்தார், அவ்வளவுதான். ஏதோ ஒத்திகை என்று நினைத்துத் தூரத்தில் யாரோ கைதட்டினார்கள்.

 நடிகர் அப்பா பக்கம் திரும்பி, இதற்கு என்ன அர்த்தம் என்று சிங்களத்தில் கேட்டார்.

அப்பா தொண்டையைச் செருமிக்கொண்டார். "தேத்தண்ணி குடிக்க வரச் சொல்லியிருக்கிறாள்" என்று சிங்களத்தில் சொன்னார்.

ஒரு தேத்தண்ணிக்கா இவ்வளவு வார்த்தை என்று கேட்டார் நடிகர்.

எங்கள் பாஷையில் அப்படித்தான் என்றார் அப்பா.

நடிகர் அவருடைய முகத்தைப் பார்த்தார்.  சாவியை அவர் கையில் வைத்து, பொத்தி, தட்டிக்கொடுத்தார்.

அன்று பொழுது சாய்வதற்குள் அப்பா வீட்டுக்கு வந்தார். நான்தான் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். மூட்டம் விலகி மலை முழுக்க மஞ்சள் வெயில் அடித்தது. மிச்சப் பாணைப் படக்காரர்கள் தின்று தீர்த்திருந்தார்கள், என்றாலும் அவர் மெட்டை ஓடவிட்டுக்கொண்டே வந்தார். எங்கள் லயத்துத் திருப்பத்தில் சத்தத்தைக் கூட்டினார். அம்மா வாசலுக்கு வந்தாள். இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள்.

"தொண்ட சரியாப் போச்சா?" என்று கேட்டாள் அம்மா.

அப்பா என்னைப் பார்த்தார். நான் வாயைப் பொத்திக்கொண்டேன். "சரியாப் போச்சு" என்றார்.

அன்றைக்கு ரொட்டியும் கட்டசம்பலும். அப்பா எத்தனை ரொட்டி சாப்பிட்டார் என்று கணக்கில்லை. அம்மா சுடச்சுட அவர் தட்டில் போட்டுக்கொண்டே இருந்தாள். நடுநடுவே நான் காரணமில்லாமல் சிரித்தேன், அப்பா என் காலை மிதித்தார்.

ரகசியம் ஒருநாளுக்கு மேல் தாங்கவில்லை. படக்காரர்கள் சொல்லி, கண்டாக்கையா காதுக்குப் போய், மறுநாள் காலை ஆள் எண்ணும் பெரட்டுக் களத்திலேயே விஷயம் வெடித்துவிட்டது. கண்டாக்கையா ஒரு நடிகருக்குக் கொத்தமல்லி வைத்தியம் சொன்னதும், பெரியம்மா யாரோ ஒருவரை ஏசி மாலுபாண் வாங்கித் தின்றதும் இரண்டு மாதத்துக்குப் பேச்சாயிற்று. ஆனால் எல்லாவற்றையும்விடப் பெரிய பேச்சு அம்மாதான். புருசன் யாரென்று தெரியாமல் ஊரான் ஒருவருக்குத் தேத்தண்ணி போட்டுக் கொடுத்துவிட்டாள் என்று மலையில், பீலியில், கோயிலில் எல்லா இடத்திலும் அவளை வைத்துச் சிரித்தார்கள். அம்மாவுக்குப் பதில் சொல்ல வாயில்லாமல் போனதை நான் அப்போதுதான் பார்த்தேன். "ஐயோ, மூட்டத்துல யாருக்குத் தெரியுது" என்பாள், முகத்தை மூடிக்கொள்வாள். அப்பாதான் அதிகம் சிரித்தார். அதற்குப் பிறகு அந்தக் கதையைச் சொல்ல அவருக்குக் கிடைக்காத ஆள் இல்லை, இடம் இல்லை. அம்மா அடுப்படியில் பேசியதை மட்டும் யாரிடமும் சொல்லமாட்டார். தேத்தண்ணியோடு நிறுத்திவிடுவார்.

படம் வெளியாகி ஹட்டன் தியேட்டருக்கு வந்தபோது அடுத்த வருடம் பாதி போயிருந்தது. அப்பாவின் பிடரி முதலில் வந்ததும் அத்தையின் பிள்ளைகள் விசிலடித்தார்கள். முன்வரிசையில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். முதுகு வரும்போதெல்லாம் அம்மா என் தொடையைக் கிள்ளினாள். இடது காது வந்தபோது அத்தை அழுதேவிட்டாள். தியேட்டரே குலுங்கிக் குலுங்கிச் சிரித்த படம் அது. அண்ணன் மனைவி தம்பியைப் புருசனென்று நினைத்து வீட்டுக்கு இழுத்து வருகிற காட்சி வந்தது. நாடகத்தில் அந்த இடத்தில் அவள் கத்திக் கூப்பாடு போட்டு, தட்டுமுட்டுச் சாமான்களை வீசுவாளாம். சிரிப்புக்கென்றே வைத்த இடம். படத்தில் அவள் கத்தவில்லை. அடுப்பைப் பார்த்துத் திரும்பி நின்று, தண்ணீர் கொதிக்கும் வரைக்கும் மெல்லப் பேசினாள். நடிகர் பலகையில் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்து கேட்டார். அவ்வளவு நேரம் சிரித்துக்கொண்டிருந்த தியேட்டர் பேச்சுமூச்சில்லாமல் இருந்தது.

அத்தை குனிந்து அம்மாவின் காதருகில், "ஒன்னய மாதிரியே ஏமாந்து போறா பாரு" என்றாள்.

"ஆமா" என்றாள் அம்மா. இருட்டில் அப்பாவின் கை அம்மாவின் கையைத் தேடிக்கொண்டிருந்தது. இடையில் இருந்த எனக்கு அது படத்தை மறைத்தது, கொஞ்சம் தள்ளி உட்காரச் சொன்னேன்.

போன வருடம் எனக்குக் கல்யாணம் பேச வந்திருந்தார்கள். முன்னறையில் அப்பா வழக்கம்போல அந்தக் கதையை எடுத்துவிட்டார். பெரியம்மாவின் மாலுபாண் வரைக்கும் வந்திருந்தார். நானும் அம்மாவும் அடுப்படியில் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டிருந்தோம். எத்தனையோ வருடமாக அந்தக் கதையைக் கேட்டவள்தான் நான். அன்றைக்கு என்னவோ ஒரு கேள்வி வந்தது.

"அம்மா, உண்மையாவே ஒங்களுக்கு அன்னைக்கு ஆள் தெரியலையா?"

அம்மா கோப்பைகளைத் தட்டில் அடுக்கினாள். "ஒரு மனுசன் வண்டியில இருந்து கால எடுத்து வைக்கிறத வச்சே தெரியாதாடி?" என்றாள்.

"பின்ன ஏம்மா அவருகிட்டப் போயி எல்லாத்தையும் சொன்னீங்க?"

"ஒங்கப்பாகிட்டச் சொல்ல முடியல. அந்த மூஞ்சியப் பாத்தாவது ஒருதடவ சொல்லிப் பாத்துக்குவோம்னு தோணுச்சு. நாளைக்குப் பேக்கரிக்குப் போயிச் சொல்லலாம்னு. பாஷ தெரியாத மனுசன், கேட்டுட்டுப் போயிருவாருன்னு நெனச்சேன்." கடைசிக் கோப்பையைத் தட்டில் வைத்து, "அவரு அப்புடியே தூக்கிக்கிட்டுப் போவாருன்னு யாரு கண்டா" என்றாள்.

முன்னறையில் அப்பா அம்மாவின் கட்டத்துக்கு வந்திருந்தார். வந்தவர்களின் சிரிப்பு அடுப்படி வரைக்கும் கேட்டது. அப்பாவிடம் இதைச் சொல்லிவிடலாமா என்று கேட்டேன்.

"எதுக்கு? சிரிக்கட்டும், விடு" என்று அம்மா தட்டைத் தூக்கிக்கொண்டு போனாள்.

ஆட்டோவுக்குப் பக்கத்தில் நாயை விரட்டிக்கொண்டு நின்ற அந்தப் பின்னேரம், அந்த லயத்திலேயே உண்மை தெரிந்தவள் நான் ஒருத்திதான் என்று நினைத்திருந்தேன். பாவம் அம்மா, இது கூடத் தெரியவில்லையே என்று அவளுக்காக இரக்கப்பட்டுக்கொண்டு, வயிற்றைப் பிடித்தபடி சிரித்துக்கொண்டிருந்தேன்.